இறங்கியதை அழிக்காதீர்கள்: ஸ்டீமில் விளையாட்டுகளைப் பதிவிறக்குவது குறித்து அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தருமபுரி நான்கு ரோடு பக்கத்தில் கணினி பழுதுபார்க்கும் கடை வைத்திருக்கிறேன். சென்ற கோடை விடுமுறையில் பென்னாகரம் பக்கத்துக் கிராமத்திலிருந்து ஒரு கல்லூரி மாணவர் சிபியுவை பைக்கில் கட்டிக்கொண்டு வந்தார். 62 ஜி.பி. அளவுள்ள ஒரு விளையாட்டை, தினமும் 2 ஜி.பி. தரும் மொபைல் பேக்கில் சிறுகச் சிறுக இறக்கியிருக்கிறார். ஒரு மாதத்துக்கு மேல் ஆனது. 54 ஜி.பி. வந்த பிறகு ஒரு நாள் வேகம் பூஜ்யம் என்று காட்டியது. அரை மணி நேரம் பார்த்தார், எண் அசையவில்லை. நின்றுவிட்டது என்று நினைத்து விளையாட்டையே 'அன்இன்ஸ்டால்' செய்துவிட்டார். "அண்ணா, கணினியில் என்ன கோளாறு என்று பாருங்கள்" என்றார்.

கோளாறு எதுவும் இல்லை. வேகம் பூஜ்யம் என்று காட்டிய அந்த அரை மணி நேரமும், வந்து சேர்ந்ததை அந்தப் பழைய ஹார்டு டிஸ்க் எழுதிக்கொண்டிருந்தது. அதை அவரிடம் சொன்னபோது அவர் முகம் போன போக்கை என்னால் மறக்க முடியவில்லை. அதற்குப் பிறகு கடைக்கு வருபவர்கள் கேட்பதையெல்லாம் குறித்து வைக்கத் தொடங்கினேன். அந்தக் குறிப்புகள்தான் இவை. பெரும்பாலும் ஸ்டீமைப் பற்றியே பேசுகிறேன். நம் பக்கத்துப் பிள்ளைகள் அதிகம் பயன்படுத்துவது அதுதான். கணினி விளையாட்டுகளை வாங்கவும் இறக்கவும் வால்வ் நிறுவனம் 2003-இல் வெளியிட்ட மென்பொருள் அது. மெனுக்கள் தமிழில் கிடையாது என்பதால் திரையில் தெரியும் ஆங்கிலச் சொற்களை அப்படியே தமிழ் எழுத்தில் தந்திருக்கிறேன்.

விளையாட்டு இறங்குகிறதா இல்லையா என்று எங்கே பார்ப்பது?

ஸ்டீம் சாளரத்தின் அடிப்பகுதியில், நடுவில், ஒரு சிறிய கோடு ஓடும். அதன் மேல் சொடுக்கினால் 'டவுன்லோட்ஸ்' பக்கம் திறக்கும். 'லைப்ரரி'யின் மேல் சுட்டியைக் கொண்டுபோனால் வரும் பட்டியலிலும் இதே பக்கத்துக்கு வழி உண்டு. மேலே இப்போது இறங்கும் விளையாட்டு, அதன் கீழே வரிசையில் காத்திருப்பவை, அதற்கும் கீழே பிறகு புதுப்பிக்க நேரம் குறிக்கப்பட்டவை, கடைசியில் முடிந்தவை. காத்திருப்பதை முன்னுக்குக் கொண்டுவர, பிடித்து இழுத்து மேலே விட்டால் போதும்.

வேகம் பூஜ்யம் என்கிறது. நின்றுவிட்டது என்றுதானே பொருள்?

இல்லை. இந்தப் பக்கத்தில் ஒன்றை மட்டும் படிக்க நேரமிருந்தால் இந்தப் பதிலைப் படியுங்கள்.

'டவுன்லோட்ஸ்' பக்கத்தின் மேற்பகுதியில் ஒரு வரைபடம் இருக்கிறது. நீலப் பட்டைகள் இணையம் வழியாக வருவதைக் காட்டுகின்றன. பச்சைக் கோடு ஹார்டு டிஸ்க் எழுதுவதைக் காட்டுகிறது. இரண்டும் தனித்தனி வேலைகள். ஒகேனக்கல் குடிநீர் வரும் நாளில் நம் வீடுகளில் நடப்பதை நினைத்துப் பாருங்கள். குழாயில் தண்ணீர் வேகமாக வரும், ஆனால் குடத்தை எடுத்துப்போய் உள்ளே தொட்டியில் ஊற்றுவதற்கு ஒரே ஓர் ஆள்தான் இருப்பார். அவர் திரும்பி வரும்வரை குழாயை மூடித்தான் வைக்க வேண்டும். ஸ்டீமும் அதைத்தான் செய்கிறது. விளையாட்டுக் கோப்புகள் சுமார் 1 எம்.பி. அளவுள்ள துண்டுகளாக, சுருக்கப்பட்டு வருகின்றன. கணினியின் செயலி அவற்றை விரிக்க வேண்டும், டிஸ்க் அவற்றை உரிய இடத்தில் எழுத வேண்டும். பழைய ஹார்டு டிஸ்க்காக இருந்தால் எழுதுவது பின்தங்கும். அப்போது ஸ்டீம் இணையத்திலிருந்து எடுப்பதை நிறுத்திவைக்கும். நீலம் பூஜ்யம், பச்சை ஓடுகிறது என்றால் எல்லாம் சரியாக இருக்கிறது. எழுந்து போய் ஒரு டீ குடித்துவிட்டு வாருங்கள்.

நீலமும் இல்லை, பச்சையும் இல்லை என்றால்தான் நின்றிருக்கிறது. அப்போதும் அன்இன்ஸ்டால் பக்கம் போகாதீர்கள். முதலில் விளையாட்டின் பெயருக்குக் கீழே என்ன சொல் எழுதியிருக்கிறது என்று பாருங்கள். 'பாஸ்டு' என்றிருந்தால் யாரோ நிறுத்திவைத்திருக்கிறார்கள், தொடக்கப் பொத்தானை அழுத்துங்கள். டிஸ்க்கில் இடமில்லை என்றிருந்தால் இடம் ஒதுக்குங்கள். 'டிஸ்க் ரைட் எரர்' என்று வந்தால் டிஸ்க்கில் எழுத முடியவில்லை என்று பொருள். பல நேரங்களில் ஆன்டிவைரஸ் குறுக்கே நிற்கும், சில நேரங்களில் டிஸ்க்கே தேய்ந்திருக்கும். எதுவும் எழுதாமல் சும்மா நின்றால் நிறுத்தி மறுபடி தொடங்குங்கள். ஸ்டீமை முழுவதும் மூடித் திறங்கள். மோடத்தை அணைத்துப் போடுங்கள். இவை எதிலும் ஏற்கெனவே இறங்கியதில் ஒரு எம்.பி.கூடக் குறையாது. விட்ட இடத்திலிருந்து தொடரும்.

300 எம்.பி. அப்டேட்தான். ஆனால் முக்கால் மணி நேரம் ஆகிறது. ஏன்?

மேலே சொன்ன அதே டிஸ்க்தான் காரணம். பல விளையாட்டுகள் தங்கள் படங்களையும் ஒலிகளையும் பல ஜி.பி. அளவுள்ள பெரிய மூட்டைக் கோப்புகளில் கட்டி வைத்திருக்கும். அதில் ஒரு சிறு பகுதி மாறினாலும், ஸ்டீம் பழைய மூட்டையிலிருந்து மாறாததை எடுத்து, புதிதாக வந்ததைச் சேர்த்து, புதிய மூட்டை ஒன்றைக் கட்டும். தைத்த கணக்கு நோட்டின் நடுவில் இரண்டு பக்கம் மாற்ற வேண்டுமென்றால் முழு நோட்டையும் பிரதி எடுப்பதைப் போன்ற வேலை. இணையச் செலவு குறைவு, டிஸ்க் வேலை அதிகம். அதனால்தான் சிறிய அப்டேட்டுக்கும் டிஸ்க்கில் நிறையக் காலி இடம் கேட்கிறது. எஸ்.எஸ்.டி. என்ற வேகமான புதுவகை டிஸ்க் போட்டிருப்பவர்களுக்கு இந்தத் தொல்லை பெரும்பாலும் தெரியாது.

40 எம்.பி. நெட் போட்டிருக்கிறேன். ஸ்டீமில் 5-தான் வருகிறது. கேபிள்காரர் ஏமாற்றுகிறாரா?

காரிமங்கலத்திலிருந்து வந்த ஒருவர் இதற்காகத் தன் கேபிள்காரரிடம் சண்டையே போட்டிருந்தார். அவருக்குச் சொன்னதையே இங்கும் சொல்கிறேன். நிறுவனங்கள் இணைய வேகத்தை மெகாபிட் கணக்கில் விற்கின்றன. கோப்பின் அளவு மெகாபைட் கணக்கில் இருக்கிறது. 8 பிட் சேர்ந்தால் 1 பைட். ஆகவே 40 மெகாபிட் என்பது 5 மெகாபைட். 100 மெகாபிட் என்பது 12.5 மெகாபைட். உங்களுக்கு 5 வருகிறது என்றால் பேசிய வேகம் முழுதாக வருகிறது. ஸ்டீமின் 'செட்டிங்ஸ்' பகுதியில் 'டவுன்லோட்ஸ்' கீழே, வேகத்தைப் பிட் கணக்கில் காட்டும்படி மாற்ற ஒரு பொத்தான் இருக்கிறது. அதைப் போட்டுவிட்டால் பில்லில் உள்ள எண்ணும் திரையில் உள்ள எண்ணும் ஒரே அளவையில் வரும், ஒப்பிடுவது எளிது.

5-க்குப் பதில் 1 அல்லது 2 வந்தால் அது வேறு. வைஃபைதான் முதல் சந்தேகம். இரண்டு சுவர் தாண்டிய அறையில், 2.4 கிகாஹெர்ட்ஸ் வைஃபையில் முழு வேகத்தை எதிர்பார்க்க முடியாது. ஒரு நாள் மட்டும் மோடத்திலிருந்து கணினிக்கு நேரடியாக லேன் கேபிள் போட்டுப் பாருங்கள். கேபிளில் வேகம் வந்துவிட்டால் குற்றம் கேபிள்காரருடையது அல்ல.

எத்தனை மணி நேரம் ஆகும் என்று முன்கூட்டியே கணக்கிட முடியுமா?

முடியும். ஜி.பி.யை ஆயிரத்தால் பெருக்கி, நொடிக்கு எத்தனை மெகாபைட் வருகிறதோ அதனால் வகுத்தால் நொடிகள் கிடைக்கும். 50 ஜி.பி. விளையாட்டு, நொடிக்கு 5 மெகாபைட் என்றால் 10,000 நொடி; கிட்டத்தட்ட 2 மணி 47 நிமிடம். 'கவுன்டர் ஸ்டிரைக் 2'-க்கு 85 ஜி.பி. இடம் வேண்டும். 'பால்டர்ஸ் கேட் 3'-க்கு 150 ஜி.பி. இதே வேகத்தில் 150 ஜி.பி. இறங்க 8 மணி 20 நிமிடம். 'ஸ்டார்டியூ வேலி' என்ற விவசாய விளையாட்டோ 500 எம்.பி.க்குள் அடங்கிவிடும், இரண்டு நிமிட வேலை. ஸ்டீமில் விளையாட்டை விற்கும் பக்கத்தில் போட்டிருப்பது டிஸ்க்கில் பிடிக்கும் இடம். சுருக்கி அனுப்புவதால் இறங்கும் அளவு பெரும்பாலும் அதைவிடக் குறைவாகவே இருக்கும்.

வாங்கும் முன்பே இந்தக் கணக்கைப் போட்டுப் பாருங்கள் என்று கடைக்கு வரும் எல்லாத் தம்பிகளிடமும் வற்புறுத்துகிறேன்.

வீட்டில் பிராட்பேண்ட் இல்லை. மொபைல் ஹாட்ஸ்பாட்டில் இறக்கலாமா?

அஞ்செட்டி, தேன்கனிக்கோட்டை மலைப் பக்கத்திலிருந்தும், சிட்லிங் பக்கத்திலிருந்தும் வருபவர்கள் கேட்கும் கேள்வி இது. இறக்கலாம், ஆனால் பொறுமையும் ஒழுங்கும் வேண்டும்.

தினசரி அளவு தீர்ந்தவுடன் பெரும்பாலான பேக்குகளில் வேகம் 64 கிலோபிட்டாக இறங்கிவிடும். அந்த வேகத்தில் 1 ஜி.பி. இறங்க ஒரு பகல் ஓர் இரவு போதாது, கிட்டத்தட்ட 35 மணி நேரம் ஆகும். ஆகவே அளவு தீர்ந்ததும் ஸ்டீமில் நிறுத்திவைத்துவிடுங்கள். மறுநாள் தொடருங்கள். எத்தனை நாள் ஆனாலும் பரவாயில்லை, இறங்கியது அப்படியே இருக்கும். நடுவில் அந்த விளையாட்டுக்குப் புதிய அப்டேட் வந்தால் மாறிய துண்டுகளை மட்டும் மறுபடி எடுக்கும்.

ஹாட்ஸ்பாட் போடும் முன் வேறு எந்த விளையாட்டும் வரிசையில் இல்லை என்று உறுதிப்படுத்திக்கொள்ளுங்கள். நீங்கள் ஒன்றுக்காகக் காத்திருக்க, பேக் முழுவதையும் வேறொரு விளையாட்டின் அப்டேட் தின்றுவிடும். விண்டோஸிலும் அந்த இணைப்பை 'மீட்டர்டு', அதாவது அளவுக் கட்டுப்பாடு உள்ளது, என்று குறித்துவிடுங்கள். விண்டோஸ் அப்டேட்டுகள் பெரும்பாலும் அடங்கிவிடும். ஸ்டீம் அந்தக் குறிப்பைப் பார்த்து நின்றுவிடும் என்று மட்டும் நம்பிவிடாதீர்கள், அதை நீங்கள்தான் நிறுத்த வேண்டும்.

நான் கேட்காமலேயே அப்டேட் இறங்குகிறது. தடுக்க வழி உண்டா?

உண்டு. லைப்ரரியில் விளையாட்டின் பெயர் மேல் வலது சொடுக்கு, 'ப்ராப்பர்ட்டீஸ்', அதில் 'அப்டேட்ஸ்'. விளையாட்டைத் திறக்கும்போது மட்டும் புதுப்பிக்கும்படி அங்கே தேர்ந்தெடுக்கலாம். பேக் வைத்திருப்பவர்கள் எல்லா விளையாட்டுக்கும் இப்படிப் போட்டுவிடுவது நல்லது. பிராட்பேண்ட் இருந்தால் 'செட்டிங்ஸ்', 'டவுன்லோட்ஸ்' பகுதியில் தானாகப் புதுப்பிக்கும் நேரத்தைக் குறிக்கலாம். இரவு 1 மணி முதல் 6 மணி வரை என்று வைத்துவிட்டால் பகலில் யாருக்கும் இடைஞ்சல் இல்லை. புதன்கிழமை அதிகாலையில் சில நேரம் ஸ்டீம் இணைப்பு அறுந்து மீளும். அமெரிக்காவில் செவ்வாய்க்கிழமை பிற்பகலில் அவர்கள் வழக்கமாகப் பராமரிப்பு வேலை செய்வதுதான் காரணம். பதறாதீர்கள்.

அண்ணன் விளையாட்டை இறக்கினால் என் ஆன்லைன் வகுப்பு அறுந்து அறுந்து வருகிறது.

அண்ணனிடம் இதைக் காட்டுங்கள், தங்கை. அதே 'டவுன்லோட்ஸ்' அமைப்பில் வேகத்துக்கு வரம்பு போடும் வசதி இருக்கிறது. 40 மெகாபிட் இணைப்பில் ஸ்டீமுக்கு 25 என்று வரம்பு வைத்தால் மீதி 15 வீட்டுக்கு. ஒரு வீடியோ வகுப்புக்கு அது தாராளம். வகுப்பு முடிந்ததும் வரம்பை எடுத்துவிடலாம்.

என் மகன் இரவெல்லாம் கணினியை ஓடவிட்டுத் தூங்குகிறான். கரண்டு பில் ஏறாதா? கணினி கெட்டுப்போகாதா?

பாலக்கோட்டிலிருந்து ஓர் அம்மா கேட்டார். அம்மா, 100 வாட் இழுக்கும் கணினி 8 மணி நேரம் ஓடினால் 0.8 யூனிட். இறக்கும் வேலைக்குப் பெரிய சக்தி தேவையில்லை, மானிட்டரை அணைத்துவிடச் சொல்லுங்கள். காற்றோட்டமுள்ள இடத்தில் இருந்தால் கணினிக்கும் கேடு இல்லை. கட்டில் மெத்தையின் மேல் மடிக்கணினியை வைத்துவிட்டுத் தூங்குவதை மட்டும் கண்டிப்பாகத் தடுங்கள். அடியில் காற்று போகாமல் சூடேறும்.

மகனுக்கு ஒரு வார்த்தை: தம்பி, விண்டோஸின் 'பவர்' அமைப்பில் 'ஸ்லீப்' நேரத்தை 'நெவர்' என்று மாற்றாவிட்டால் நீங்கள் தூங்கிய அரை மணி நேரத்தில் கணினியும் தூங்கிவிடக்கூடும். காலையில் பார்த்தால் 3 சதவீதத்தில் நிற்கும். மடிக்கணினியின் மூடியை மூடினாலும் அப்படித்தான்.

ஸ்டீம் சாளரத்தை எக்ஸ் அழுத்தி மூடினால் இறங்குவது நின்றுவிடுமா?

நிற்காது. கடிகாரத்துக்குப் பக்கத்தில் சிறிய சின்னமாக ஒதுங்கி, வேலை தொடரும். அங்கே வலது சொடுக்கி 'எக்சிட்' கொடுத்தால்தான் நிற்கும். ஆனால் வேறொரு விளையாட்டை விளையாடத் தொடங்கினால் தானாகவே நிறுத்திவைக்கும்; விளையாடும்போதும் இறங்க வேண்டுமென்றால் அதற்கான அனுமதியை அமைப்பில் கொடுக்க வேண்டும்.

பாதியில் கரண்டு போனால்?

சித்திரை, வைகாசி மாலைகளில், மாங்காய் உதிரும் அந்தக் காற்று மழையில், கிருஷ்ணகிரிப் பக்கம் கரண்டு போகாத வாரம் எது? இறங்கிக்கொண்டிருக்கும் விளையாட்டின் துண்டுகள் 'ஸ்டீம்ஆப்ஸ்' கோப்புறைக்குள் 'டவுன்லோடிங்' என்ற இடத்தில் தங்கியிருக்கும். கரண்டு வந்து ஸ்டீமைத் திறந்ததும் இருப்பதைச் சரிபார்த்துவிட்டுத் தொடரும். எழுதிக்கொண்டிருந்த கடைசித் துண்டுகள் மட்டும் வீணாகலாம்.

விளையாட்டை விட எனக்குக் கவலை டிஸ்க்கைப் பற்றித்தான். எழுதும் நேரத்தில் அடிக்கடி கரண்டு அறுந்தால் ஹார்டு டிஸ்க் சீக்கிரம் பழுதாகிறது. ஒரு சிறிய யுபிஎஸ் வாங்கிக்கொள்ளுங்கள். மோடத்தையும் அதிலேயே செருகுங்கள். மின்வாரியம் பராமரிப்பு மின்தடை அறிவிக்கும் நாளுக்கு முந்தைய இரவு பெரிய விளையாட்டைத் தொடங்காமல் இருப்பதும் நல்லது.

டவுன்லோட் ரீஜன் என்று ஒன்று இருக்கிறதே, அதை மாற்ற வேண்டுமா?

எந்த ஊர் சர்வரிலிருந்து இறக்குவது என்பதைக் குறிக்கும் அமைப்பு அது. பெரும்பாலும் மாற்ற வேண்டாம். ஸ்டீம் அருகிலுள்ளதைத் தானே தேர்ந்தெடுக்கும். வேகம் வழக்கத்தை விட மிகவும் குறைந்திருந்தால் சென்னையிலிருந்து மும்பைக்கு மாற்றி ஒருமுறை பார்க்கலாம். நம் ஊருக்கு மும்பையை விடச் சென்னை பக்கம் என்றாலும், உங்கள் நிறுவனத்தின் தடம் எந்தப் பக்கம் போகிறதோ அதைப் பொறுத்து மும்பை வேகமாக வரக்கூடும். பலன் இல்லையென்றால் பழையபடி வைத்துவிடுங்கள். அதே இடத்தில் உள்ள 'கிளியர் கேஷ்' பொத்தானும் சில சமயம் உதவும். நிறுவிய விளையாட்டுகளை அது தொடாது. மறுபடி உள்நுழையச் சொல்லக்கூடும் என்பதால் கடவுச்சொல் நினைவில் இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டு அழுத்துங்கள்.

சி டிரைவ் நிரம்பிவிட்டது. விளையாட்டை அழித்துவிட்டு டி டிரைவில் மறுபடி இறக்க வேண்டுமா?

வேண்டவே வேண்டாம்! 'செட்டிங்ஸ்', 'ஸ்டோரேஜ்' போங்கள். டி டிரைவை அங்கே சேருங்கள். பிறகு சி டிரைவில் உள்ள விளையாட்டைத் தேர்ந்தெடுத்து 'மூவ்' கொடுங்கள். ஒரு பைட் இணையச் செலவு இல்லாமல் இடம் மாறிவிடும். எந்த விளையாட்டு எவ்வளவு இடம் பிடிக்கிறது என்பதும் அங்கேயே தெரியும். ஒரு வருடமாகத் திறக்காத 90 ஜி.பி. ஒன்று மூலையில் உட்கார்ந்திருப்பதைப் பார்த்துப் பலர் வியந்திருக்கிறார்கள். சி டிரைவை விளிம்புவரை நிரப்பாதீர்கள், விண்டோஸ் மூச்சுத் திணறும்.

வெளியே செருகும் ஹார்டு டிஸ்க்கையும் இப்படிச் சேர்க்கலாம். அது எஃப்ஏடி32 வடிவத்தில் இருந்தால் 4 ஜி.பி.க்கு மேற்பட்ட ஒற்றைக் கோப்பை ஏற்காது. உள்ளே இருப்பதை வேறிடத்தில் எடுத்து வைத்துவிட்டு என்டிஎஃப்எஸ் வடிவத்துக்கு மாற்றிக்கொள்ளுங்கள்.

விண்டோஸை ஃபார்மட் செய்யப் போகிறேன். விளையாட்டுகள் போய்விடுமா?

டி டிரைவில் இருந்தால், அந்த டிரைவைத் தொடாமல் சி டிரைவை மட்டும் ஃபார்மட் செய்தால் போகாது. ஸ்டீமை மறுபடி நிறுவி, 'ஸ்டோரேஜ்' பகுதியில் பழைய இடத்தைச் சேர்த்தவுடன் எல்லாம் திரும்பத் தெரியும். சி டிரைவிலேயே இருந்தால் 'ஸ்டீம்ஆப்ஸ்' கோப்புறை முழுவதையும் வெளி டிஸ்க்கில் பிரதி எடுத்துக்கொள்ளுங்கள். அதில் ஏசிஎஃப் என்று முடியும் சின்னச் சின்னக் கோப்புகள் இருக்கும்; எந்த விளையாட்டு நிறுவப்பட்டிருக்கிறது என்று ஸ்டீமுக்குச் சொல்பவை அவைதான், விட்டுவிடாதீர்கள்.

கணினியைக் கடையில் கொடுக்கும்போது இதைக் கட்டாயம் வாய் திறந்து சொல்லுங்கள். முன்பு நான் வேலை பார்த்த ஒரு கடையில், கேட்காமலேயே எல்லா டிரைவையும் துடைத்துவிடுவார்கள். 200 ஜி.பி. இழந்து நின்றவர்களைப் பார்த்திருக்கிறேன்.

விளையாட்டில் நீங்கள் எட்டிய கட்டம் வேறு கணக்கு. பல விளையாட்டுகள் அதை ஸ்டீம் கிளவுட் என்ற இணையச் சேமிப்பிடத்தில் தானாகவே சேமிக்கும். எல்லாமும் அப்படி அல்ல. ஸ்டீமில் விளையாட்டை விற்கும் பக்கத்தில் கிளவுட் வசதி இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் 'டாகுமென்ட்ஸ்' கோப்புறையையும் 'ஆப்டேட்டா' கோப்புறையையும் சேர்த்துப் பிரதி எடுங்கள். 

இறங்கி முடிந்தது, ஆனால் விளையாட்டு திறக்கவில்லை.

மறுபடி இறக்காதீர்கள். வலது சொடுக்கு, 'ப்ராப்பர்ட்டீஸ்', 'இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்', 'வெரிஃபை'. ஒவ்வொரு கோப்பாகச் சரிபார்த்து, கெட்டதை மட்டும் எடுத்துவரும். 60 ஜி.பி. விளையாட்டில் பெரும்பாலும் சில எம்.பி.யில் வேலை முடிந்துவிடும். வெரிஃபை செய்யும் ஒவ்வொரு முறையும் வெவ்வேறு கோப்புகள் கெட்டிருப்பதாகச் சொன்னால் டிஸ்க் அல்லது ரேம் பழுது. உடனே பாடக் கோப்புகளையும் குடும்பப் படங்களையும் வேறிடத்துக்கு மாற்றிவிட்டுக் கணினியைக் காட்டுங்கள்.

விண்டோஸ் 7 உள்ள பழைய மடிக்கணினியில் ஸ்டீம் இறக்க மாட்டேன் என்கிறது.

2024 ஜனவரி 1 முதல் விண்டோஸ் 7, 8, 8.1 மூன்றுக்கும் ஸ்டீம் ஆதரவை நிறுத்திவிட்டது. 64 பிட் விண்டோஸ் 10 அல்லது 11-க்கு மாறுவதே வழி.

அறையில் நான்கு பேர் இருக்கிறோம். நான்கு பேரும் ஒரே விளையாட்டை நான்கு முறை இறக்க வேண்டுமா?

ஓசூர் சிப்காட்டில் வேலை பார்க்கும் தம்பிகள் கேட்டது. ஒருவர் இறக்கினால் போதும். 2023 பிப்ரவரியிலிருந்து ஸ்டீமில் இதற்கு வழி இருக்கிறது. 'செட்டிங்ஸ்', 'டவுன்லோட்ஸ்' பகுதியில் 'கேம் ஃபைல் டிரான்ஸ்ஃபர் ஓவர் லோக்கல் நெட்வொர்க்' என்பதை எல்லாக் கணினிகளிலும் இயக்குங்கள். யாருக்குக் கொடுக்கலாம் என்பதை உங்களுக்கு மட்டும், நண்பர்களுக்கு, எல்லோருக்கும் என்று வைக்கலாம். ஸ்டீமில் ஒருவரையொருவர் நண்பராகச் சேர்த்துக்கொண்டு நண்பர்கள் வரை என்று வைப்பது பாதுகாப்பு. எல்லாக் கணினிகளும் ஒரே மோடத்தில் இணைந்து, ஸ்டீம் திறந்திருக்க வேண்டும். இரண்டாமவர் வழக்கம்போல 'இன்ஸ்டால்' கொடுத்தால், கோப்புகள் முதலாமவரின் கணினியிலிருந்து வரும். விட்டுப்போனதை மட்டும் இணையத்திலிருந்து எடுத்துக்கொள்ளும். விளையாட்டு ஒவ்வொருவர் கணக்கிலும் இருக்க வேண்டும். இது கோப்பைப் பகிர்வதுதான், உரிமையைப் பகிர்வது அல்ல.

முடிந்தால் லேன் கேபிள் போட்டுச் செய்யுங்கள். வைஃபையில் இரண்டு பக்கமும் ஒரே காற்றில் பேசுவதால் வேகம் பாதியாகிவிடும்.

இன்னொரு வசதியும் ஷிப்டுக்குப் போகிறவர்களுக்கு உதவும். கைபேசியில் ஸ்டீம் செயலி இருந்தால், அறையில் கணினியும் ஸ்டீமும் திறந்திருக்கும்போது, வேலையிடத்திலிருந்தே 'இன்ஸ்டால்' கொடுத்துவிடலாம். திரும்பி வரும்போது தயாராக இருக்கும்.

எபிக், ஜிஓஜி போன்ற மற்ற இணைய விளையாட்டுக் கடைகளிலும் இதெல்லாம் உண்டா?

எபிக் கேம்ஸ் மென்பொருளில் இடது பக்கம் 'டவுன்லோட்ஸ்' உண்டு, வேக வரம்பு உண்டு, விளையாட்டின் மூன்று புள்ளிகளைச் சொடுக்கினால் 'வெரிஃபை' வசதியும் உண்டு. ஜிஓஜியில் எனக்குப் பிடித்தது, விளையாட்டைத் தனி நிறுவுக் கோப்பாகவே இறக்கி வைத்துக்கொள்ள விடுவது. ஒருமுறை வெளி டிஸ்க்கில் வைத்துவிட்டால் பிறகு இணையமே இல்லாமல் நிறுவலாம். இணையம் எட்டாத மலைக் கிராமத்துப் பிள்ளைகளுக்கு இதைத்தான் சொல்கிறேன்.

திருட்டுத் தளங்களில் அதே விளையாட்டு பாதி அளவில் கிடைக்கிறதே?

அதை நிறுவிவிட்டு, கணக்குகள் பறிபோய், கணினி ஊர்ந்துபோய் என் மேசைக்கு வருபவை ஏராளம். வேண்டாம். ஸ்டீமில் பணமே கட்டாமல் விளையாடக்கூடியவை நிறைய உண்டு. வாங்கியது பிடிக்கவில்லையென்றால், வாங்கி 14 நாளுக்குள், 2 மணி நேரத்துக்குக் குறைவாக விளையாடியிருந்தால் பணத்தைத் திரும்பக் கேட்கலாம்.

தெரியாமல் அன்இன்ஸ்டால் செய்துவிட்டேன். மீட்க முடியுமா?

ரீசைக்கிள் பின்னில் தேடாதீர்கள், அங்கே போகாது. மீட்பு மென்பொருட்களில் நேரத்தைச் செலவழிக்காதீர்கள். நூற்றுக்கணக்கான கோப்புகள் அரைகுறையாக வந்து, வெரிஃபை எல்லாவற்றையும் மறுபடி கேட்கும். அதே விளையாட்டு வைத்திருக்கும் ஒருவரைத் தேடுங்கள்.

அந்தப் பென்னாகரம் மாணவருக்கும் இதைத்தான் சொன்னேன். காரிமங்கலத்தில் இருக்கும் அவருடைய அத்தை மகனிடம் அதே விளையாட்டு இருந்தது, வீட்டில் ஃபைபர் இணைப்பும் இருந்தது. சிபியுவை மறுபடி பைக்கில் கட்டிக்கொண்டு என் கடையிலிருந்து நேராக அங்கே போனார். இரண்டு கணினிகளையும் ஒரே மோடத்தில் லேன் கேபிளால் இணைத்து, நான் எழுதிக் கொடுத்தபடி லோக்கல் டிரான்ஸ்ஃபரை இயக்கியிருக்கிறார்கள். ஒன்றரை மணி நேரத்தில் 62 ஜி.பி.யும் வந்துவிட்டது என்று அன்று மாலையே போன் செய்தார். நடுவில் இரண்டு முறை வேகம் பூஜ்யம் காட்டியதாம். பச்சைக் கோட்டைப் பார்த்துக்கொண்டு காத்திருந்தேன் அண்ணா என்றார்.